கப்பல் முதுகில் எழுதிய ஊர்: லைபீரியாவில் ஐ.நா. படை செய்ததும் விட்டதும்

ராயபுரம் கல்மண்டபம் பக்கத்தில் நான் டீ குடிக்கும் கடைக்கு ஒரு பெரியவர் வருவார். துறைமுகத்தில் முப்பது வருஷத்துக்கு மேல் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். பேப்பரை ஒரு வரி விடாமல் படிப்பார். படித்ததில் சந்தேகம் வந்தால் அகப்பட்டவனைப் பிடித்துக் கேட்பார். ஒருநாள் நான் அகப்பட்டேன். ஐ.நா. அமைதிப்படை பற்றிய துண்டுச் செய்தி ஒன்றில் விரலை வைத்துக்கொண்டு, "தம்பி, இந்த லைபீரியான்றது மன்ரோவியா இருக்கற ஊருதானே?" என்றார்.

ஆமாம் என்றேன்.

"எவ்ளோ கப்பல் பாத்திருப்பேன். பின்னாடி மன்ரோவியா, மன்ரோவியான்னு பெயிண்ட்ல எழுதியிருக்கும். ஆனா ஒரு மன்ரோவியாக்காரன் எறங்கி நான் பாத்ததில்ல. பிலிப்பைன்ஸ்காரன் எறங்குவான், நம்ம தூத்துக்குடிக்காரன் எறங்குவான். அந்த ஊர்ல ஆளே கெடையாதாபா?"

ஆள் இருக்கிறார்கள். கப்பல்தான் அவர்களுடையது இல்லை. எந்தக் கப்பலும் ஏதாவது ஒரு நாட்டின் கொடியில்தான் ஓட முடியும். முதலாளி கிரேக்கராக இருப்பார், மாலுமிகள் மணிலாவிலிருந்து வருவார்கள், வரியும் கெடுபிடியும் குறைவு என்று பதிவை மட்டும் லைபீரியாவில் வைத்துக்கொள்வார்கள். பதிவான ஊரின் பெயர் கப்பலின் பின்புறத்தில் இருக்க வேண்டும் என்பது விதி. 1948-ல் தொடங்கிய இந்தப் பதிவேட்டை நடத்தும் அலுவலகம்கூட மன்ரோவியாவில் இல்லை, அமெரிக்காவின் வர்ஜீனியாவில் இருக்கிறது. நாடு பற்றி எரிந்துகொண்டிருந்த காலத்தில் இந்தப் பதிவுப் பணத்தில் ஒரு பகுதி ஆயுத பேரத்துக்குப் போனது என்று, ஐ.நா. பாதுகாப்பு அவை அமர்த்திய நிபுணர் குழு 2001-ல் எழுதி வைத்திருக்கிறது. பெரியவர் கயிறு கட்டிய கப்பல்களின் கட்டணமும் அதில் கொஞ்சம் இருந்திருக்கும். நமக்கும் அந்தப் போருக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பவர்களிடம் நான் இதைத்தான் முதலில் சொல்வேன்.

அவர் விடவில்லை. "அமைதிப்படை போய் அங்க இன்னா பண்ணுச்சு? இங்கதான் பாத்தோமே, அமைதிப்படை பண்ணத."

அந்த இரண்டாவது வாக்கியத்துக்குப் பதில் சொல்லாமல் முதல் கேள்விக்குப் போக முடியாது.

உலகத்தில் வேறு எந்த மொழியிலும் 'அமைதிப்படை' என்ற சொல் தமிழில் கசப்பதுபோல் கசக்காது என்று நினைக்கிறேன். 1987 ஜூலை 29-ல் கொழும்பில் ராஜீவ் காந்தியும் ஜெயவர்த்தனாவும் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள். அதன்படி யாழ்ப்பாணம் போன இந்தியப் படைக்கு வைத்த பெயர் இந்திய அமைதி காக்கும் படை. முதல் சில வாரம் மாலை போட்டு வரவேற்றார்கள். அக்டோபரில் அதே படை புலிகளோடு போரில் இறங்கியது. அந்த மாதம் 21, 22 தேதிகளில் யாழ்ப்பாணம் பெரியாஸ்பத்திரிக்குள் நோயாளிகளும் மருத்துவர்களும் நர்ஸ்களும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். மூன்று வருஷத்துக்குள் இந்தியத் தரப்பிலும் ஏறக்குறைய 1,200 சிப்பாய்கள் செத்தார்கள். 1990 மார்ச்சில் கடைசித் துருப்புகள் திருகோணமலையிலிருந்து கப்பலேறி இதே சென்னைத் துறைமுகத்துக்கு வந்தபோது, முதல்வர் கருணாநிதி வரவேற்கப் போகவில்லை. "கலைஞர் வரல. ஒரு வாரத்துக்கு ஹார்பர் பூரா அதே பேச்சு" என்றார் பெரியவர். புழல் காவாங்கரை இலங்கைத் தமிழர் முகாமில் இருக்கும் வயதானவர்களிடம் இந்தச் சொல்லைச் சொல்லிப் பாருங்கள், பேச்சு அங்கேயே நின்றுவிடும்.

ஆனால் அது ஐ.நா. படை இல்லை. வித்தியாசம் தொப்பியின் நிறத்தில் இல்லை. 1987-ல் யாழ்ப்பாணம் போன இதே இந்திய ராணுவம்தான் 1992-ல் கம்போடியாவுக்கும், 1993-ல் சோமாலியாவுக்கும், 1999-ல் சியரா லியோனுக்கும் ஐ.நா.வின் நீலத் தொப்பியோடு போனது. ஆள் அதே ஆள், துப்பாக்கி அதே துப்பாக்கி. வித்தியாசம் காகிதத்தில் இருக்கிறது. கொழும்பு ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டவை இரண்டு அரசுகள். துப்பாக்கி வைத்திருந்த இயக்கங்கள் போடவில்லை. கையெழுத்தே போடாதவனிடம் போய் ஆயுதத்தைக் கீழே வை என்று கேட்கிற காவல்காரன், கேட்ட அடுத்த நிமிடம் சண்டைக்காரன் ஆகிவிடுகிறான்.

ஐ.நா. இதை ஒரு கோட்பாடாகவே வைத்திருக்கிறது: சண்டையிட்ட தரப்புகளின் சம்மதம் வேண்டும், ஒரு பக்கம் சாயக் கூடாது, தற்காப்புக்கும் ஒப்படைத்த பணியைக் காப்பதற்கும் தவிர பலம் பிரயோகிக்கக் கூடாது. இந்த மூன்றில் முதலாவதுதான் ஆணிவேர் என்பது என் கணிப்பு. சம்மதம் இருந்தால் மற்ற இரண்டும் ஓரளவு தானாக வரும். இல்லாவிட்டால் நடுநிலை என்பது கோட்டையில் எழுதிய அறிக்கையில்தான் இருக்கும்.

அதற்காகக் காகிதத்தையும் ரொம்ப நம்பிவிடக் கூடாது. லைபீரியாவுக்குப் பக்கத்து வீடான சியரா லியோனில் கிளர்ச்சிக்காரர்கள் 1999-ல் கையெழுத்துப் போட்டார்கள். 2000 மே மாதம் அவர்களே சுமார் 500 ஐ.நா. ஆட்களைப் பிடித்து வைத்துக்கொண்டார்கள். கைலாஹூன் என்ற ஊரில் இந்தியப் படைப்பிரிவு ஒன்று இரண்டு மாதத்துக்கு மேல் சுற்றிவளைக்கப்பட்டுக் கிடந்து, ஜூலையில் 'ஆபரேஷன் குக்ரி' மூலம்தான் வெளியே வந்தது. ஐ.நா. படை இருந்தும் படுகொலையைத் தடுக்காத ருவாண்டா, போஸ்னியாவின் ஸ்ரெப்ரெனிட்சா என்று அதற்கு முந்தைய பத்தாண்டின் அவமானங்கள் வேறு. இந்தச் சூட்டோடுதான் லைபீரியாவின் முறை வந்தது.

மீன் சந்தை மைதானம்

லைபீரியாவின் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். அமெரிக்காவில் அடிமைத்தளை நீங்கிய கறுப்பின மக்களைக் கொண்டுவந்து குடியேற்றிய கடற்கரை அது. 1847-ல் தனி நாடானது. வந்தேறிகளின் வாரிசுகள் நூறு வருஷத்துக்கு மேல் மண்ணின் மக்களை ஆண்டார்கள். 1980-ல் சாமுவேல் டோ என்ற சார்ஜென்ட் தலைமையில் நடந்த புரட்சியில் அதிபர் கொல்லப்பட்டார், டோ நாற்காலியில் உட்கார்ந்தார். 1989 கிறிஸ்துமஸுக்கு முதல் நாள் சார்லஸ் டெய்லர் என்ற கிளர்ச்சித் தலைவரின் ஆட்கள் ஐவரி கோஸ்ட் எல்லையைத் தாண்டி வந்தார்கள். அதன்பின் 2003 வரை இரண்டு உள்நாட்டுப் போர்கள். நடுவில் கிடைத்த இடைவேளையில், 1997-ல், டெய்லரே தேர்தலில் ஜெயித்து அதிபரானார். இவர் தோற்றால் திரும்பவும் சண்டை வரும் என்று பயந்தே பலர் ஓட்டுப் போட்டார்கள். சுமார் 30 லட்சம் பேர் இருந்த நாட்டில் இரண்டு போரிலும் சேர்த்து இரண்டரை லட்சம் பேர் செத்ததாகப் பொதுவாகச் சொல்கிறார்கள். வீட்டுக்கு மூன்று பேர் என்று வைத்தால் நாலு வீட்டுக்கு ஒரு சாவு.

இந்தப் போரை முடித்தது ஐ.நா. என்று எழுதுவது வழக்கம். நான் அப்படி எழுத மாட்டேன். 2003-ல் மன்ரோவியாவில் மீன் சந்தையை ஒட்டிய மைதானத்தில் பெண்கள் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு நாள்கணக்கில், வாரக்கணக்கில் உட்கார்ந்தார்கள். கிறிஸ்தவப் பெண்களும் முஸ்லிம் பெண்களும் ஒன்றாக உட்கார்ந்தார்கள். வெயில், மழை இரண்டிலும். அதிபரின் கார் அந்த வழியாகத்தான் போகும், அவர் பார்த்தே ஆக வேண்டும் என்பதுதான் இடத்தைத் தேர்ந்தெடுத்த கணக்கு. லீமா போவீ என்ற சமூக சேவகி அவர்களை ஒருங்கிணைத்தார். காசிமேட்டில் விடிகாலை ஏலத்தைப் பார்த்தவர்களுக்கு இது புரியும். கூடை வைத்துக்கொண்டு வரிசையாக உட்கார்ந்திருக்கும் அக்காக்கள் ஒரு இடத்தில் உட்கார்ந்துவிட்டால் அவர்களை எழுப்புவதற்கு எந்த இன்ஸ்பெக்டர் வருவார்?

கானாவின் அக்ராவில் பேச்சுவார்த்தை நடந்தது. நல்ல ஓட்டலில் மாதக்கணக்கில் தங்கிச் சாப்பிட்டுக்கொண்டு தளபதிகள் பதவிப் பங்கீடு பேசிக்கொண்டிருந்தார்கள். மன்ரோவியாவில் குண்டு விழுந்துகொண்டிருந்தது. பெண்கள் அக்ராவுக்கும் போனார்கள். கூட்டம் நடக்கும் அறையின் கதவை மறித்துக் கைகோத்து உட்கார்ந்து, கையெழுத்துப் போடாமல் யாரும் வெளியே போக முடியாது என்றார்கள். காவலர்கள் கைது செய்ய வந்தபோது லீமா போவீ தன் உடையைக் கழற்றத் தொடங்கினார். தாய் வயதுள்ள பெண் கோபத்தில் தன்னை நிர்வாணமாக்கிக்கொள்வது பார்ப்பவனுக்குச் சாபம் என்பது அந்த மண்ணின் நம்பிக்கை. மத்தியஸ்தரான நைஜீரியத் தளபதி அபூபக்கர் காவலர்களைப் பின்வாங்கச் சொன்னார். பெண்கள் மண்ணை வாரித் தூற்றினால் என்ன ஆகும் என்று நம் தெருக்களிலும் தெரியும்.

ஆகஸ்ட் 11-ல் டெய்லர் பதவியை விட்டு நைஜீரியாவுக்குப் போனார். ஆகஸ்ட் 18-ல் ஒப்பந்தம் கையெழுத்தானது. அதில் அரசும், இரண்டு ஆயுதக் குழுக்களும், அரசியல் கட்சிகளும், சமூக அமைப்புகளும் எல்லோருமே கையெழுத்திட்டார்கள். கொழும்பில் இல்லாதது இதுதான். பெண்களின் இந்தப் போராட்டத்துக்காக லீமா போவீக்கு அமைதிக்கான நோபல் பரிசில் ஒரு பங்கு 2011-ல் வந்தது.

அதற்குப் பிறகுதான் ஐ.நா. வந்தது. செப்டம்பர் 19-ல் பாதுகாப்பு அவையின் 1509-ஆம் தீர்மானம், 15,000 துருப்புகள் வரையும் ஆயிரத்துக்குச் சற்று மேல் போலீஸும் அனுப்ப அனுமதித்தது. சியரா லியோனில் கொஞ்சம் கொஞ்சமாக அனுப்பிச் சூடுபட்ட பாடம் இந்த எண்ணிக்கையில் தெரிகிறது. அக்டோபர் 1-ஆம் தேதி பொறுப்பு மாறியது. முதல் நாள்வரை மேற்கு ஆப்பிரிக்க நாடுகளின் கூட்டுப்படையாக மன்ரோவியாவில் நின்ற அதே நைஜீரியச் சிப்பாய்கள் மறுநாள் அதே இடத்தில் நீலத் தொப்பியோடு நின்றார்கள்.

ஒரு துப்பாக்கிக்கு 300 டாலர்

படை வந்தால் முதல் வேலை ஆயுதத்தை வாங்குவது. இங்கேதான் ஐ.நா. சறுக்கியது. சறுக்கியதை விரிவாகச் சொல்லாவிட்டால் இந்தக் கட்டுரைக்கு அர்த்தமில்லை.

2003 டிசம்பர் 7-ல், மன்ரோவியாவுக்கு வெளியே ஒரு ராணுவ முகாமில் ஆயுதச் சேகரிப்பைத் தொடங்கினார்கள். படையில் பாதிகூட இன்னும் வந்து சேரவில்லை. கொஞ்சம் பேர்தான் வருவார்கள் என்று தயாராக இருந்த இடத்தில் போராளிகள் ஆயிரக்கணக்கில் குவிந்தார்கள். ஆயுதத்துக்குப் பணம் இப்போதே வேண்டும் என்றார்கள். இப்போது இல்லை, முகாமில் தங்கிய பிறகு என்றது ஐ.நா. துப்பாக்கியோடு வந்தவனிடம் நாளைக்கு வா என்று சொன்னால் என்ன நடக்குமோ அது நடந்தது. ஊருக்குள் சூடும் சூறையும், சாவும். சில நாளில் சுமார் 12,000 பேரிடம் ஆயுதம் வாங்கிய கையோடு நிறுத்திவிட்டு, அடுத்த ஏப்ரலில்தான் மறுபடி தொடங்கினார்கள்.

திருத்திய ஏற்பாடு இது. ஒரு துப்பாக்கியோ 150 தோட்டாக்களோ கொண்டுவந்தால் முன்னாள் போராளி என்று அட்டை. இரண்டு தவணையில் 150, 150 என்று 300 டாலர். பிறகு படிப்போ தொழிற்பயிற்சியோ. மொத்தப் போராளிகள் 38,000 பேர் இருப்பார்கள் என்று முதலில் கணக்குப் போட்டிருந்தார்கள். கடைசியில் அட்டை வாங்கியவர்கள் ஒரு லட்சத்துக்கும் மேல். கையில் வந்த துப்பாக்கிகள் சுமார் 28,000.

மிக்ஜாம் புயலுக்கு 6,000 ரூபாய் நிவாரணம் வந்தபோது டோக்கன் வரிசையில் யார் யார் நின்றார்கள் என்று நமக்குத் தெரியும். மொட்டை மாடிவரை தண்ணீர் வந்தவரும் நின்றார், தண்ணீரை டிவியில் பார்த்தவரும் நின்றார். அங்கேயும் அதுதான். தளபதிகள் தோட்டாக்களைப் பிரித்துத் தெரிந்தவன், சொந்தக்காரன் கையில் கொடுத்து வரிசையில் நிறுத்திவிட்டு 300-ல் தங்கள் பங்கை எடுத்துக்கொண்டார்கள். மூன்று, நான்கு பேருக்கு ஒரு துப்பாக்கி என்ற கணக்கைப் பார்த்துப் பலர் இதைப் பெரிய மோசடி என்று எழுதினார்கள்.

நான் அவ்வளவு கறாராகச் சொல்ல மாட்டேன். வரிசையில் வந்தவர்களில் சுமார் 22,000 பேர் பெண்கள், 11,000 பேர் சிறுவர் சிறுமியர். சமைக்கவும், சுமை தூக்கவும், அதைவிடக் கொடியதற்கும் போராளிகள் இழுத்துக்கொண்டு போனவர்கள் இவர்கள். இவர்கள் கையில் துப்பாக்கி எங்கே இருக்கும்? ஒரு ஆளுக்கு ஒரு துப்பாக்கி என்று கண்டிப்பாக நின்றிருந்தால், தளபதியின் மச்சான் எப்படியும் உள்ளே போயிருப்பான், இந்தப் பெண்தான் வெளியே நின்றிருப்பாள். கசிவோடு கொடுத்த பணம் சேர வேண்டியவர்களில் சிலரையாவது சேர்ந்தது. அந்த ஒரு வருஷம் ஊரில் சுடச் சொல்வதற்கு யாருக்கும் ஆள் கிடைக்காமல் இருந்ததே, அதற்கான விலை என்று வைத்துக்கொள்ளலாம்.

உண்மையான ஓட்டை அடுத்த கட்டத்தில் இருந்தது. பணத்தைக் கொடுத்தார்கள், பயிற்சியும் கொடுத்தார்கள், வேலை கொடுக்க முடியவில்லை. கொத்தனார் வேலை கற்றவனுக்குக் கட்டுவதற்கு வீடு இல்லை. ஒரு பெரிய ரப்பர் தோட்டத்தை முன்னாள் போராளிகள் பிடித்துவைத்துக்கொண்டு பால் வெட்டி விற்றுக்கொண்டிருந்தார்கள். 2006-ல்தான் அரசும் ஐ.நா. படையும் சேர்ந்து அதை மீட்டன. மீட்டார்கள் என்று செய்தி வந்தது. உள்ளே பால் வெட்டியவன் அப்புறம் எங்கே போனான் என்று எந்தச் செய்தியிலும் இல்லை. வியாசர்பாடியிலும் புளியந்தோப்பிலும் ஒருமுறை ஸ்டேஷன் பதிவேட்டில் பெயர் ஏறியவன் திருந்தி வாழ நினைத்தால், முதலில் கேட்கப்படுவது "எங்க வேல குடுப்பாங்க?" என்பதுதான். சினிமாக்காரர்களுக்கு எங்கள் ஏரியா என்றால் கத்தி மட்டும் ஞாபகம் வருவதுபோல, உலகத்துக்கு லைபீரியா என்றால் துப்பாக்கி தூக்கிய பையனின் போட்டோ மட்டும் ஞாபகம். போட்டோ எடுத்த பிறகு அந்தப் பையன் என்ன ஆனான் என்பதில் யாருக்கும் ஆர்வமில்லை.

நம் ஊர்ப் பெண் போலீஸ்

2007 ஜனவரியில் சுமார் 125 பேர் கொண்ட இந்தியப் பெண் போலீஸ் பிரிவு மன்ரோவியாவில் இறங்கியது. எல்லோரும் சிஆர்பிஎஃப். முழுக்கப் பெண்களே கொண்ட போலீஸ் பிரிவு ஐ.நா. வரலாற்றில் அதுதான் முதல். ஆள் மாற்றி ஆள் மாற்றி 2016 வரை இருந்தார்கள். அதிபர் அலுவலகத்துக்குக் காவல், ராத்திரி ரோந்து, கூட்டத்தைக் கட்டுப்படுத்துவது என்று வழக்கமான வேலைதான். வரும்போது அந்நாட்டுப் பாதுகாப்புப் பணியில் பெண்கள் 6 சதவீதம், போகும்போது 17 சதவீதம் என்று ஐ.நா. பெருமையாகச் சொல்கிறது. முழுப் பெருமையும் இவர்களுக்கே என்று எனக்குத் தோன்றவில்லை. எலன் ஜான்சன் சர்லீஃப் என்ற பெண் அதிபர் நாற்காலியில் இருந்ததும் காரணம். ஆனால் துப்பாக்கி தூக்கியவன் எல்லாம் தன்னைச் சீரழித்தவன் என்றே பார்த்து வளர்ந்த ஒரு சிறுமிக்கு, துப்பாக்கியோடு தன் பள்ளி வாசலில் நின்று சிரிக்கும் ஒரு அக்கா புதிது.

சம்பளக் கணக்கையும் சொல்லிவிடுகிறேன், எல்லோரும் கேட்பது அதுதான். ஐ.நா.வுக்குச் சொந்தமாக ராணுவம் கிடையாது. நாடுகள் ஆள் அனுப்புகின்றன. 2022-ல் நிர்ணயித்தபடி ஒரு ஆளுக்கு மாதம் 1,400 டாலருக்குச் சற்று மேல் என்று ஐ.நா. அந்த நாட்டு அரசுக்குத் தந்தது. அதில் சிப்பாய்க்கு எவ்வளவு என்பது அரசின் இஷ்டம். சிப்பாய் கையில் ஐ.நா. நேரடியாகத் தரும் தினப்படி 1.28 டாலர். நம் ஊரில் இன்றைக்கு அது சில டீயும் ஒரு பன்னும். பணக்கார நாடுகள் காசு தரும், இந்தியா, வங்கதேசம், நேபாளம், பாகிஸ்தான், ருவாண்டா போன்ற நாடுகள் ஆள் தரும். செத்தவர்கள் பட்டியலில் நாடு வாரியாகப் பார்த்தால் இந்தியாதான் மேலே, சுமார் 180 பேர். இந்த ஏற்பாட்டில் ஒரு அசிங்கம் இருக்கிறது. அதைப் பாதுகாப்பு அவையில் நிரந்தர நாற்காலி வைத்திருப்பவர்கள் பேசுவதில்லை.

இன்னொரு அசிங்கமும் உண்டு. காக்க வந்தவர்களே உணவுக்கும் காசுக்கும் பெண்களை, சிறுமிகளைப் பயன்படுத்திக்கொண்ட குற்றச்சாட்டுகள் லைபீரியாவிலும் வந்தன, காங்கோவிலும் மத்திய ஆப்பிரிக்கக் குடியரசிலும் வந்தன. ஐ.நா. துளியும் பொறுக்க மாட்டோம் என்று சுற்றறிக்கை விட்டது. விட்டாலும் ஒரு சிப்பாயை விசாரித்துத் தண்டிக்கும் அதிகாரம் அதற்கு இல்லை, அவனுடைய நாட்டுக்குத்தான் உண்டு. திருப்பி அனுப்புவதோடு பெரும்பாலும் கதை முடியும். ஹெய்ட்டியில் 2010-ல் ஐ.நா. முகாமின் கழிவு ஆற்றில் கலந்து காலரா பரவி ஆயிரக்கணக்கானோர் செத்தார்கள். தன் பங்கை ஒப்புக்கொள்ள ஐ.நா.வுக்கு 2016 ஆனது.

மைதானத்திலிருந்து மாளிகைக்கு

2005 தேர்தல் கதையை வியாசர்பாடியில் சொன்னால் நின்று கேட்பார்கள். முல்லை நகர் மைதானத்தில் பந்து உதைக்கும் பையன்களின் மாமன்களுக்கு ஜார்ஜ் வியாவைத் தெரியும். ஏசி மிலானுக்கு ஆடியவர், 1995-ல் கால்பந்தின் பெரிய விருதான பாலன் டோர் வாங்கியவர், இன்றுவரை அதை வாங்கிய ஒரே ஆப்பிரிக்கர். மன்ரோவியாவின் கிளாரா டவுன் என்ற குடிசைப் பகுதியில் வளர்ந்தவர். அவர்தான் அதிபர் தேர்தலில் நின்றார். முதல் சுற்றில் முன்னணி, இரண்டாம் சுற்றில் தோல்வி. முறைகேடு என்று அவருடைய ஆட்கள், முக்கியமாக இளைஞர்கள், தெருவில் இறங்கினார்கள். கல் பறந்தது. சில வருஷம் முன்பு இந்த நிலைமை ஒரு போருக்குப் போதும். அந்த நேரத்தில் ஊரில் 15,000 நீலத் தொப்பிகள் நின்றன. வியா புகாரைத் திரும்பப் பெற்றார். சர்லீஃப் 2006 ஜனவரியில் பதவியேற்றார். ஆப்பிரிக்காவில் தேர்தலில் வென்று நாட்டின் தலைமைக்கு வந்த முதல் பெண்.

அமைதிப்படை என்ன செய்கிறது என்று என்னை ஒரே வரியில் கேட்டால் இந்தக் காட்சியைத்தான் காட்டுவேன். அமைதியை அது கொண்டுவருவதில்லை. தோற்றவன் ஒரு மாதம் யோசிப்பதற்கு நேரம் வாங்கித் தருகிறது. அந்த நேரம் மலிவு இல்லை. அப்போது லைபீரியாப் படைக்கு ஆண்டுக்கு 70 கோடி டாலருக்கு மேல் செலவானது. அந்நாட்டு அரசின் சொந்த பட்ஜெட் அதில் ஐந்தில் ஒரு பங்குகூட இல்லை.

அப்படி வாங்கிய நேரத்தில் என்னென்ன நடந்தது என்று பார்த்தால் பெரும்பாலும் தலைப்புச் செய்தி ஆகாத விஷயங்கள். பழைய ராணுவத்தை மொத்தமாகக் கலைத்துவிட்டு, அமெரிக்கா புதிதாக வெறும் 2,000 பேரை எடுத்துப் பயிற்சி கொடுத்தது. போலீஸை ஐ.நா. தேய்த்துக் கழுவி மறுபடி கட்டியது. வங்கதேசப் பொறியாளர் படை மழையில் கரைந்த சாலைகளைப் போட்டது. ஐ.நா. நடத்திய வானொலி நாடு முழுக்கக் கேட்டது. 2006 ஜூலை 26, சுதந்திர தினத்தன்று, மன்ரோவியாவின் சில தெருக்களில் சுமார் 15 வருஷத்துக்குப் பிறகு விளக்கு எரிந்தது. பேசின் பிரிட்ஜ் புகைக்கூண்டு நிழலில் வளர்ந்துவிட்டு மணிக்கணக்கில் கரண்ட் கட்டில் உட்கார்ந்த எங்களுக்கு, பத்தாம் வகுப்புப் பையன் ஒருவன் தெருவிளக்கை வாழ்க்கையில் முதல்முறையாகப் பார்ப்பதைக் கற்பனை செய்ய முடிகிறது.

கிளம்பியதிலும் அவசரப்படவில்லை. ஆள் குறைப்பு பல வருஷம் நடந்தது. நடுவில் 2014-ல் எபோலா வந்து ஆயிரக்கணக்கான உயிரைக் கொண்டுபோனது, குறைப்பு நின்றது. 2016 ஜூன் கடைசியில் பாதுகாப்புப் பொறுப்பு முழுவதும் லைபீரியா கைக்குப் போனது. 2017 தேர்தலில் அதே ஜார்ஜ் வியா ஜெயித்தார். தேர்ந்தெடுக்கப்பட்ட ஒருவர் தேர்ந்தெடுக்கப்பட்ட இன்னொருவரிடம் அமைதியாக ஆட்சியை ஒப்படைத்தது 1944-க்குப் பிறகு அப்போதுதான். 2018 மார்ச் 30-ல் படையின் பணி முடிந்தது. 2023-ல் வியா சொற்ப வித்தியாசத்தில் ஜோசப் போகாய்யிடம் தோற்றபோது, இறுதி முடிவு வருவதற்கு முன்பே போன் செய்து வாழ்த்தினார். அன்று ஊரில் ஒரு நீலத் தொப்பியும் இல்லை.

எல்லா இடத்திலும் இப்படி முடிவதில்லை. மாலியில் 2023-ல் ராணுவ ஆட்சி வெளியே போ என்றது, அந்த வருஷக் கடைசிக்குள் மூட்டை கட்டினார்கள். காங்கோவில் இருபது வருஷத்துக்கு மேல் இருந்தும் சண்டை ஓயாததால் ஜனங்களுக்கே வெறுத்துப்போய், 2022 ஜூலையில் ஐ.நா. முகாம்களைத் தாக்கினார்கள். புட்டெம்போவில் இரண்டு பிஎஸ்எஃப் வீரர்கள் செத்தார்கள். அங்கே கையெழுத்துப் போட வேண்டியவர்கள் எத்தனை குழு என்று எண்ணுவதற்கே ஒரு அலுவலகம் வேண்டும். பக்கத்து நாடுகளின் கை வேறு உள்ளே இருக்கிறது.

இவ்வளவையும் நான் பெரியவரிடம் இரண்டு மூன்று காலைகளில் பிரித்துப் பிரித்துச் சொன்னேன். கடைசி நாள் அவர் கேட்டார்: "சரி, அத்தினி பேர கொன்னவன இன்னா பண்ணாங்க?"

சார்லஸ் டெய்லர் பிரிட்டனில் ஒரு சிறையில் இருக்கிறார். 2012-ல் 50 வருஷத் தண்டனை. ஆனால் அது சியரா லியோனில் நடந்த குற்றங்களுக்கு உடந்தையாக இருந்ததற்கு. சொந்த நாட்டில் செத்தவர்களுக்காக அவர் மேல் ஒரு வழக்கும் நடக்கவில்லை. உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையம் 2009-ல் அறிக்கை கொடுத்தது, யார் யாரை விசாரிக்க வேண்டும் என்று பெயரோடு. அலமாரிக்குப் போனது. போர்க்குற்ற நீதிமன்றத்துக்கான அலுவலகம் அமைக்கும் ஆணையில் போகாய் கையெழுத்திட்டது 2024-ல்தான். பிரின்ஸ் ஜான்சன் என்று ஒருவர். 1990-ல் அதிபர் டோவைப் பிடித்து, காதை அறுக்கச் சொல்லி, எதிரில் பியர் குடித்துக்கொண்டு உட்கார்ந்து, அதை வீடியோவும் எடுக்க வைத்தவர். அவர் தேர்தலில் நின்று செனட்டர் ஆனார். 2024 நவம்பரில் சாகும்வரை செனட்டராகவே இருந்தார். அவர் போன்றவர்களிடம் துப்பாக்கி பிடித்த பையன்களில் பலர், இப்போது நாற்பதைத் தாண்டியவர்கள், மன்ரோவியாவின் பாம் குரோவ் கல்லறைத் தோட்டத்தில் சமாதிகளை உடைத்து அதற்குள் படுத்துக்கொண்டு போதையில் காலம் தள்ளினார்கள். ஊர் அவர்களை 'ஸோகோ' என்று கூப்பிடுகிறது.

பெரியவர் கொஞ்ச நேரம் கிளாஸைச் சுற்றிக்கொண்டிருந்தார்.

"ஆனா சண்ட இல்லல்ல?"

"இல்லண்ணே."

"எத்தினி வருசமா?"

"இருவது தாண்டிடுச்சு."

அவர் தலையாட்டிவிட்டு, எனக்கும் சேர்த்து டீக்குக் காசை மேஜையில் வைத்தார். பேப்பரை நாலாக மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு எழுந்தவர், "அந்தக் காகிதத்துல பொம்பளைங்க கையெழுத்து இருக்குதா?" என்று கேட்டார். சமூக அமைப்புகள் சார்பில் சாட்சிகளாகப் பெண்களும் இருந்தார்கள் என்றேன். "சாட்சியா" என்று சொல்லிக்கொண்டே காசிமேட்டுப் பக்கம் நடந்தார்.